ஒரே பெட்டியில் சிவப்பும் நீலமும்

அந்தமானில், மாயாபந்தரில் எங்களுக்கு ஒதுக்கிய குவார்ட்டர்ஸ் ஒரு மர வீடு. நடுவில் பலகைச் சுவர் வைத்து இரண்டு குடும்பங்களுக்குப் பிரித்திருந்தார்கள். முன்வாசல் தனித்தனி, பின்வராந்தாவும் அதை ஒட்டிய நிலமும் பொது. என் கணவர் பொதுப்பணித் துறையில் ஸ்டோர் கீப்பர். எழுபதுகளின் நடுவில், கல்யாணமான நாலாம் மாதம், சென்னையில் கப்பலேறி, போர்ட் பிளேரில் இறங்கி, அங்கிருந்து இன்னொரு சின்னக் கப்பலில் வாந்தியெடுத்துக்கொண்டே வந்து அந்த வாசலில் நின்றேன்.

பலகைச் சுவருக்கு அந்தப் பக்கம் ஓர் அக்கா இருந்தார். தூத்துக்குடிப் பக்கம் கடற்கரை ஊர்க்காரர், கத்தோலிக்க வேதக்காரக் குடும்பம். கணவர் அரசாங்கப் படகில் செராங்கு; படகோட்டுகிற வேலையில் வாரத்துக்கு நாலு நாள் கடலில் இருப்பார். பிள்ளைகள் இருவரும் ஊரில் போர்டிங்கில் படித்தார்கள். அதனால் அக்காவுக்குப் பேச ஆள் வேண்டியிருந்தது. நான் ட்ரங்குப் பெட்டியைக் கீழே வைப்பதற்குள் கேட்டார்.

"வெத ஏதும் கொண்டாந்தியா பிள்ள?"

"என்ன விதைக்கா?"

"கத்திரி, வெண்டை, கீரை. சேல கொண்டாந்திருப்ப. சேலையத் திங்கவா முடியும்?"

நான் சேலைதான் கொண்டு வந்திருந்தேன். பதினொன்று. காய்கறி என்பது கப்பலைப் பார்த்துக் காத்திருக்க வேண்டிய சாமான் என்பது பத்து நாளில் புரிந்தது. கப்பல் வந்தால் உருளைக்கிழங்கும் வெங்காயமும் பாதி அழுகி வரும். வராவிட்டால் அங்கே குடியேறிய பெங்காலிகள் தலைச்சுமையாகக் கொண்டுவரும் பூசணிக்காய். ஒரு மாதத்தில் பூசணிக்காயில் எனக்குத் தெரியாத சமையல் கிடையாது.

ஊருக்கு எழுதி விதை வரவழைத்துப் போட்டேன். மழை மேல்மண்ணை வாரிக்கொண்டு போய், அடியில் மஞ்சளாக ஒரு களிமண் தெரிந்தது. மீறி முளைத்ததை நத்தை தின்றது. யுத்தகாலத்தில் ஜப்பான்காரன் கொண்டுவந்து விட்டதாக எல்லோரும் சொல்வார்கள். ஒவ்வொன்றும் கைமுட்டி அளவு இருக்கும். காலையில் எழுந்து பார்த்தால் கீரைப்பாத்தியில் கீரை இல்லாமல் நத்தை மட்டும் வரிசையாக உட்கார்ந்திருக்கும்.

இதையெல்லாம் அண்ணனுக்கு எழுதினேன். அண்ணன் ஒரு கல்லூரியில் விலங்கியல் டெமான்ஸ்ட்ரேட்டர். நான் பி.யு.சி.யில் விலங்கியலில் நல்ல மார்க் வாங்கியிருந்தேன். இவளை மேலே படிக்க வைக்கலாம் என்று வீட்டில் பேசிய ஒரே ஆள் அவர்தான். அப்பா அந்தச் சமயம் ரேடியோவின் சத்தத்தைக் கூட்டினார். பேச்சு அதோடு முடிந்தது.

நத்தைக்கு என்ன செய்வது என்றுதான் கேட்டிருந்தேன். அண்ணன் அதற்குப் பதில் எழுதவில்லை. புழு அனுப்பினார்.

லீவு முடிந்து திரும்பிய ஒரு பள்ளிக்கூட வாத்தியார் அதைக் கொண்டு வந்தார். மூடியில் ஆணியால் ஓட்டை போட்ட பிஸ்கட் டின். வாத்தியார் அதைக் கையை நீட்டிப் பிடித்தபடி கப்பல் நிற்கும் ஜெட்டியிலிருந்து எங்கள் வீடுவரை நடந்து வந்திருந்தார்.

"மருந்துச் செடின்னு சொன்னாரு உங்க அண்ணன். மூணாம் நாள் செடி மூடியைத் தட்டுச்சும்மா," என்றார். தண்ணீர் குடிக்கக்கூட உட்காரவில்லை.

உள்ளே சாணியும் இலைமக்கும். அதற்குள் அறுபது புழுக்கள் உயிரோடு இருந்தன. சிவப்பு உடம்பு, குறுக்கே மங்கலான மஞ்சள் வரிகள். தொட்டால் மஞ்சளாக ஒரு நீரைக் கக்கும், அது நாறும். கூடவே அண்ணன் கடிதம். ஊட்டிப் பக்கம் ஒரு தோட்டத்தில் கெஞ்சிக் கூத்தாடி வாங்கியது. சாணி, இலை, காய்கறித் தோல் எதைப் போட்டாலும் தின்று உரமாக்கும். நிழலில் வை. பிழிந்த துணி மாதிரி ஈரம் இருந்தால் போதும். உப்பு, மிளகாய், எலுமிச்சைத் தோல் ஆகாது. கடைசியில் அடிக்கோடு போட்டு: "உள்ளூர்ப் புழுவோடு கலக்காதே."

அக்கா டின்னுக்குள் எட்டிப் பார்த்தார்.

"புழுவு," என்றார். "மெயின்லேண்டுல இருந்து. ஜஹாசுல." கப்பலை அங்கே எல்லோரும் இந்தியில்தான் சொல்வார்கள்.

"உரம் போடும்க்கா."

"இங்க இல்லாத புழுவா? வா, காட்டுதேன்."

பெங்காலிப் பால்காரர் வீட்டிலிருந்து அக்கா கூடையில் சாணி கொண்டுவந்து வராந்தாவுக்குப் பின்னால் குவித்து வைத்திருந்தார். "கோபர்" என்று கேட்டால் போதும், அந்த மனிதர் "லே ஜாவ், லே ஜாவ்" என்று கும்பிடாத குறையாகக் கொடுப்பார். அக்கா குவியலில் ஒரு குச்சியை விட்டுப் புரட்டினார். ஒல்லியாக, ஊதா நிறத்தில் புழுக்கள். வெளிச்சம் பட்டதும் முதுகில் நீலமாக ஒரு பளபளப்பு. சிவப்பு மாதிரி மெதுவாக நெளியவில்லை. துள்ளிக் குதித்து அக்காவின் காலைத் தாண்டிப் போயின.

"எப்படி? ஒங்க ஊட்டிக்காரவிய இப்படி ஓடுவாவளா?" என்றார் அக்கா. புழு வளர்க்கிறோம் என்பதே அதுவரை அவருக்குத் தெரியாது. தெரிந்த அந்த நிமிடத்திலேயே போட்டிக்கு வந்துவிட்டார்.

பெட்டி வேண்டும் என்று கணவரிடம் கேட்டேன். தண்ணீர் பம்ப் வந்திறங்கிய மரப்பெட்டி ஒன்றைக் கேட்டு வாங்கி, தள்ளுவண்டியில் கொண்டுவந்தார். நல்ல பெட்டி. ஒரு ஆடு படுக்கலாம்.

"இன்னொண்ணு?" என்றேன்.

"ஒண்ணுதான் சேங்ஷன்," என்றார். வீட்டிலும் அவருக்கு அந்த மொழிதான்.

அக்காவும் தன் புழுக்களைப் பெட்டியில் வளர்க்க ஆசைப்பட்டார். சாணி அவருடையது, புழு என்னுடையது, பெட்டி ஒன்று. கடைசியில் பெட்டிக்கு நடுவில் ஒரு பலகையைச் செருகினோம். கிழக்கே சிவப்பு, மேற்கே நீலம். எங்கள் குவார்ட்டர்ஸைக் கட்டியதும் இதே யோசனையில்தான், எங்கள் பலகைச் சுவரிலும் இதேபோலச் சந்து இருந்தது, அந்தச் சந்து வழியாகத்தான் அக்கா எனக்கு உப்பு கொடுப்பார் என்பதெல்லாம் எங்கள் இருவருக்கும் அப்போது தோன்றவில்லை.

நாலாம் நாள் மூடியைத் திறந்து பார்த்தேன். சிவப்புப் பக்கத்தில் பாதி நீலம்.

"அக்கா, உங்க புழு என் பக்கம் வந்திருச்சு."

"சாப்பாடு நல்லா இருந்திருக்கும். நீ என்ன போட்ட?"

"பூசணித் தோல்."

"அதான். நான் வெறும் கோபர்லா போட்டேன்."

பொறுக்கிப் பொறுக்கி மேற்கே போட்டேன். மறுநாள் மறுபடி வந்திருந்தன. ஒரு வாரம் இப்படிப் போனபின் அக்கா பலகையை உருவி எடுத்து மழைக்கு வாசற்படியாகப் போட்டுக்கொண்டார்.

அடிக்கோடு போட்ட ஒரே வாக்கியத்தை மீறிவிட்டேன் என்று அண்ணனுக்கு எழுதினேன். திட்டி வரும் என்று பயந்திருந்தேன். அடுத்த கப்பலில் வந்த கடிதம் நாலு பக்கம். அண்ணன் சந்தோஷத்தில் இருந்தார். இரண்டு வகையும் ஒரே பெட்டியில் ஒத்துவாழுமா, ஒன்று மற்றதைத் தள்ளிவிடுமா என்பது நல்ல கேள்வி; அதை யாராவது பக்கத்திலிருந்து பார்த்து எண்ணினால்தான் தெரியும்; நீதான் அந்த ஆள். மாதம் ஒருமுறை எண்ணு. சிவப்பு எத்தனை, நீலம் எத்தனை. "உன்னால் இது முடியும்," என்று எழுதியிருந்தார்.

அந்தக் கடிதத்தை நான் எத்தனை முறை படித்தேன் என்று சொல்ல வெட்கமாக இருக்கிறது.

புழு எண்ணுவது எப்படி என்று யாரும் சொல்லிக்கொடுக்கவில்லை. வராந்தாவில் சாக்கை விரித்துப் பெட்டியைக் கவிழ்த்தோம். எனக்கு ஒரு பேசின், அக்காவுக்கு ஒரு பேசின். சிவப்பை எடுத்து என் பேசினில் போட்டால் போட்ட இடத்தில் கிடக்கும். நீலத்தை அக்கா பேசினில் போட்டால் ஏறி வெளியே வந்து சாக்குக்கே திரும்பும். அக்கா ஒரே புழுவைப் பலமுறை எண்ணினார். எழுபது வரை வந்ததும், "இந்த மூஞ்சிய நான் முன்னயே பாத்தேன்," என்று நிறுத்தினார். பிறகு ஒரு சட்டம் போட்டார்.

"ஓடுனது எல்லாம் என்னது. கெடந்தது எல்லாம் ஒன்னது."

அந்தக் கணக்குப்படி முதல் மாதம் சிவப்பு ஐம்பத்தெட்டு. நீலம், எண்ண முடியாத அளவு. அப்படியே எழுதினேன். பொய்யில்லாத கடிதம் அது ஒன்றுதான்.

இரண்டாம் மாதம் சிவப்பு நாற்பத்தொன்று.

அன்று தபாலுக்குக் கடைசி நாள். பேனாவை எடுத்து நாற்பத்தொன்று என்று எழுதப் போனேன். ஊட்டியில் கெஞ்சிக் கூத்தாடிய அண்ணன் நினைவுக்கு வந்தார். நாலு பக்கக் கடிதம் நினைவுக்கு வந்தது. வாழ்க்கையில் முதல்முறையாக என்னிடம் ஒரு வேலையை நம்பிக் கொடுத்திருக்கிறார்கள். அதில் பதினேழு புழுவைத் தொலைத்துவிட்டேன். எழுபத்தொன்று என்று எழுதி உறையை ஒட்டினேன்.

அக்காவின் கணவர் மேல்தான் முதலில் எனக்குச் சந்தேகம். அவர் ஓடையில் தூண்டில் போடுகிறவர். ஒருநாள் பெட்டிப் பக்கம் நின்றுகொண்டிருந்தார். சுற்றி வளைத்துக் கேட்டேன். மறைக்காமல் சொன்னார்.

"ஒருக்க எடுத்தேம்மா, நாலஞ்சு. கொக்கியில மாட்டும்போதே நாத்தம். மீனு கிட்டக்க வந்து மோந்து பாத்துட்டு மூஞ்சியத் திருப்பிட்டுப் போச்சு. அதோட விட்டுட்டேன். ஒங்க புழுவு ஆகாதும்மா."

அவர் அப்படிச் சொன்னது எனக்குச் சுருக்கென்றது. புழுவைத் திருடாததற்காக ஒரு மனிதர்மேல் கோபப்பட்டது அன்று மட்டும்தான்.

மழைக்காலம் போய் வெயில் ஏறியது. தகரக்கூரை அனல் கக்கியது. சிவப்பு பெட்டியின் அடியில் போய் ஒண்டிக்கொண்டது. தினமும் நாலு முறை தண்ணீர் தெளித்தேன். ஈரச் சாக்கைப் போர்த்தினேன். நீலம் போர்வைக்கு அடியில் குட்டி போட்டுக் கொழித்தது. மூன்றாம் மாதம் சிவப்பு பத்தொன்பது. நூற்றி முப்பது என்று எழுதினேன். நாலாம் மாதம் எண்ணவே இல்லை. முந்தைய எண்ணை இரண்டால் பெருக்கினேன். எழுத்தில் சிவப்பு பெருகப் பெருக, அண்ணன் கடிதங்களும் நீண்டன. "நீ தரும் எண்கள் புத்தகத்தில் இருப்பதோடு அச்சாக ஒத்துப்போகின்றன," என்று எழுதினார். ஒத்துப்போகாமல் என்ன செய்யும், அவர் அனுப்பிய பழைய பாடப்புத்தகத்தைப் பக்கத்தில் வைத்துக்கொண்டுதான் பெருக்கினேன்.

அக்கா மட்டும் தினமும் காலையில் பெட்டியைத் திறந்து பார்ப்பார். "இன்னைக்கு ஊட்டிக்காரவிய ரெண்டு பேரு கரைஞ்சி போயிட்டாவ," என்று பலகைச் சுவருக்கு அந்தப் பக்கத்திலிருந்து செய்தி சொல்வார். காணாமற்போனதைக் கண்டுபிடித்துத் தருகிற புனிதருக்கு ஒரு மெழுகுதிரியும் நேர்ந்துகொண்டார். அது பலித்தபாடில்லை. அந்தப் புனிதர் சாவி, கம்மல் மாதிரிச் சாமான்களுக்குத்தான் போலிருக்கிறது என்று அவரே முடிவு செய்துகொண்டார்.

கடைசிக் கடிதத்தில் நானூற்றிப் பன்னிரண்டு என்று எழுதியிருந்தேன். பதிலாகத் தந்தி வந்தது. கோடை விடுமுறையில் அண்ணன் புறப்பட்டு வருகிறார்.

கணவர் தந்தியைப் படித்துவிட்டு, "மச்சான் வரார், நல்லதுதானே. ஏன் உட்கார்ந்துட்ட?" என்றார்.

சொன்னேன். அவர் தந்தியை மடித்து வைத்தார். பிறகு கேட்டார்.

"ரெக்கார்டுல எவ்வளவு?"

"நானூத்திப் பன்னெண்டு."

"ஃபிசிக்கலா?"

"ஒண்ணு ரெண்டு இருக்கலாம்."

"என் சர்வீஸ்ல இப்படி ஒரு ஷார்ட்டேஜ் பார்த்ததில்ல," என்றார். அதில் கொஞ்சம் மரியாதைகூட இருந்தது.

அடுத்தது அக்கா. அவர் வாயைக் கட்டினால்தான் வழி.

"அக்கா, அண்ணன் வந்தா எண்ணிக்கை பத்தி எதுவும் பேசிடாதீங்க."

"பொய் சொல்லச் சொல்லுதியா?"

"இல்லக்கா. சொல்லாம இருக்கச் சொல்றேன்."

அக்கா யோசித்தார். "சொல்லாம இருக்கது பாவமா இல்லையான்னு பாவசங்கீர்த்தனத்துல சாமியாருட்ட கேக்கணும். சாமியாரு போர்ட்பிளேருல இருக்காரு. அவரு வரங்காட்டியும் நான் வாயத் தொறக்கல," என்றார்.

அண்ணன் மே மாதக் கடைசியில் வந்தார். கடல் அவரைப் படுத்தியிருந்தது. ஜெட்டியில் இறங்கியவரைக் என் கணவரும் அக்காவின் கணவரும் ஆளுக்கொரு பக்கம் தாங்கிக்கொண்டு வந்தார்கள். "பெட்டி எங்கே?" என்றுதான் முதலில் கேட்டார். "முதல்ல படுங்கண்ணே," என்று பின்வராந்தாவில் பாய் விரித்தேன். காற்று அங்கேதான் வரும். பெட்டியும் அங்கேதான் இருந்தது. அதன்மேல் துணி, முறம், என் ட்ரங்குப் பெட்டி எல்லாவற்றையும் ஏற்றிவைத்து, பார்த்தால் பெட்டி என்றே தெரியாதபடி செய்திருந்தேன். அண்ணன் படுத்ததும் தூங்கிவிட்டார்.

பிற்பகல் மூன்று மணி இருக்கும். காற்று நின்றுவிட்டது. வானம் ஈயம் மாதிரி ஆகி, கடலோரத்து மரங்கள் அசையாமல் நின்றன. நான் அடுப்படியில் இருந்தேன். வராந்தாவிலிருந்து அக்காவின் குரல் மெதுவாக வந்தது.

"பிள்ள, சத்தம் போடாம வா."

போனேன். பெட்டியின் நாலு பலகையிலும் சந்து சந்தாக நீலம் இறங்கிக்கொண்டிருந்தது. பத்து, இருபது இல்லை. எங்கள் எண்ணுக்குச் சிக்காத அத்தனையும். மூடிக்கும் ட்ரங்குப் பெட்டிக்கும் நடுவே கயிறு கயிறாக வழிந்து, தரையில் பரவி, சுவரில் ஏறி, பளபளவென்று ஒரே திசையில் போயின. வழியில் அண்ணன் இருந்தார். பாயில் பாதியை மூடிவிட்டன. ஒரு வரிசை அவருடைய கைமேல் ஏறித் தோளைத் தாண்டிக்கொண்டிருந்தது.

"எழுப்பாத. பயந்துருவாவ," என்றார் அக்கா.

அண்ணன் தானே விழித்தார். கண்ணுக்கு நேரே ஒரு புழு தலையைத் தூக்கிப் பார்த்துக்கொண்டிருந்தது. மற்றவர்களாக இருந்தால் அலறியிருப்பார்கள். அண்ணன் அசையாமல் படுத்தபடியே, "மழை வருது," என்றார். "காத்தழுத்தம் குறையுது. நீலம் இப்படித்தான், மழைக்கு முன்னாடி வீட்டைவிட்டுக் கிளம்பிடும். படிச்சிருக்கேன், பார்த்ததில்ல." அவர் முகத்தில் நாலு நாள் கடல் பயணத்தின் சுவடே இல்லை. எழுந்து உட்கார்ந்து, உடம்பிலிருந்த புழுக்களை ஒவ்வொன்றாக எடுத்துப் பக்கத்தில் விட்டார். பிறகு என்னைப் பார்த்துச் சிரித்தார்.

"இது அதிர்ஷ்டம்மா. சிவப்பு ஓடாது. நீலம் மொத்தமும் வெளிய வந்திருச்சு, இப்ப உள்ள சிவப்பு மட்டும்தான் இருக்கும். கலப்பில்லாம எண்ணிடலாம். நானூத்திப் பன்னெண்டுதானே?"

நான் பதில் சொல்வதற்குள் ட்ரங்குப் பெட்டியை இறக்கி, மூடியைத் தூக்கிவிட்டார். முழங்கைவரை கையை விட்டார். ஒரு பக்கமாகக் கிளறினார். மறுபக்கம் கிளறினார். பிறகு சாக்கை விரித்து, அள்ளி அள்ளிப் போட்டு விரலால் பரப்பினார். உரம் மட்டும் கறுப்பாக, அருமையாக, டீத்தூள் மாதிரி உதிர்ந்தது. முதல் தூறல் தகரத்தில் விழுந்தது. அண்ணன் பெட்டியின் அடிவரை போனார். மூலையில் ஒன்று கிடைத்தது. சிவப்பு. இளைத்திருந்தது.

உள்ளங்கையில் அதை வைத்துக்கொண்டு என்னைப் பார்த்தார்.

அக்கா பொறுக்கமாட்டாமல் சொன்னார். "ஒண்ணு இருக்குல்லா."

"மத்தது எங்கம்மா?" என்றார் அண்ணன்.

"இல்லண்ணே."

"எண்ணினியா?"

"ரெண்டு மூணு மாசம் எண்ணினேன். அப்புறம் எண்ணல."

"அப்ப எழுதினது?"

"பெருக்கினேன்."

மழை சரியாகப் பிடித்துக்கொண்டது. ஆபீஸிலிருந்து நனைந்துகொண்டே ஓடிவந்த கணவர், தரையெல்லாம் புழுவும் சாக்கும் உரமுமாகக் கிடப்பதையும் எங்கள் முகங்களையும் பார்த்துப் புரிந்துகொண்டார். "மச்சான், எங்க ஸ்டோர்ல இதை டிரான்சிட் லாஸ்னு எழுதிடுவோம்," என்றார். யாரும் சிரிக்கவில்லை.

அண்ணன் அன்று சாப்பிடவில்லை. கல்லூரியின் அறிவியல் மன்றத்தில் என் எண்களை வைத்து ஒரு கட்டுரை வாசித்திருந்தார். தீவின் தட்பவெப்பத்தில் சிவப்பு நன்றாகத் தழைக்கிறது, நீலத்தைத் தள்ளிவிடுகிறது என்று கரும்பலகையில் கோடு போட்டுக் காட்டியிருந்தார். இதை மறுநாள் காலையில் சாதாரணமாகச் சொன்னார். திட்டியிருந்தால் நான் அழுது முடித்திருப்பேன்.

"நாப்பத்தொண்ணுன்னு எழுதியிருந்தா என்னம்மா ஆயிருக்கும்?" என்று மட்டும் கேட்டார். "அதுதான் விஷயமே. குளிர்ல இருந்து வந்தது இந்தச் சூட்டுல நிக்கல, உள்ளூர்க்காரன் நின்னுட்டான். எப்ப குறைய ஆரம்பிச்சது, எப்படிக் குறைஞ்சது, அது தெரிஞ்சிருந்தா அதுவே ஒரு நல்ல பதில். நீ எனக்குப் பிடிச்ச பதிலை எழுதிட்ட."

நான் வாசற்படியில் உட்கார்ந்திருந்தேன். பின்னால் சாணிக்கூடையை இறக்கிவைத்த அக்கா திரும்பினார்.

"எப்பக் கொறஞ்சிதுன்னு எனக்குத் தெரியுமே," என்றார்.

அண்ணன் நிமிர்ந்தார்.

"கிறிஸ்மசு வர நல்லாத்தான் இருந்தாவ. அப்புறம் நம்ம புழுவு மேல தின்னு தின்னு, இவிய கீழ எறங்கிட்டாவ. தவசு காலம் தொடங்கச்சில வெயிலு. தண்ணி தெளிச்சா ஒரு மணிநேரம் மேல வருவாவ, மறுபடி கீழ. விபூதிப் புதன் அன்னைக்கு நாலு பேரு செத்தாவ. பெரிய வெள்ளிக்கு அஞ்சு. மொதல்ல வாலு பக்கம் வெளுக்கும், அப்புறம் கரையும். செத்ததத் தொட்டா நாத்தம் இருக்காது, அதையும் பாத்தேன்."

அண்ணன் பையிலிருந்து நோட்டை எடுத்தார். "அக்கா, திரும்ப முதல்ல இருந்து சொல்லுங்க."

அக்கா சொன்னார். சொல்வதற்கு முன் என்னைப் பார்த்து, "சாமியாரு இன்னும் வரல. ஆனா அவியளே கேக்காவ," என்றார். இரண்டு நாள் சொன்னார். ஈஸ்டருக்கு முன்னால் வரும் தவக்காலத்தின் ஒவ்வொரு வெள்ளியையும், ஒவ்வொரு கப்பல் வந்த நாளையும் வைத்து அவருக்கு எல்லாத் தேதியும் நினைவிருந்தது. காலண்டரை வைத்து அண்ணன் சரிபார்த்தார். ஒரு நாள்கூடத் தப்பவில்லை. நாலு பக்கக் கடிதம் யாருக்கு வந்திருக்க வேண்டும் என்பது எனக்கு அப்போது தெரிந்தது. பொறாமையாக இருந்தது. ஆனாலும் நோட்டில் கோடு போட்டுக் கட்டம் வகுக்க அண்ணன் என்னைத்தான் கூப்பிட்டார். போனேன்.

அடுத்த கப்பலுக்குப் பத்து நாள் இருந்தது. ஓடிய நீலத்தில் பாதி மழை விட்டதும் சாணிக் குவியலுக்குத் திரும்பியிருந்தது. மீதியைச் செருப்பு, அரிசி டப்பாவின் அடி, குவார்ட்டர்ஸின் கூரைவிட்டம், கணவரின் குடை என்று பல இடங்களிலிருந்து கண்டெடுத்தோம். அண்ணன் அவற்றை ஒழுங்காக எண்ண ஒரு வழி கண்டுபிடித்தார்: பெட்டியின் நாலு மூலையிலும் நடுவிலும் ஒரு டம்ளர் உரம் எடுத்து, அதிலிருப்பதை மட்டும் எண்ணுவது. இதை முதல் கடிதத்திலேயே எழுதியிருக்கலாமே என்று அக்கா கேட்டார். அண்ணன் தன் தப்பு என்று ஒப்புக்கொண்டார். அந்த இடத்தில் எனக்குக் கொஞ்சம் மூச்சு வந்தது.

உரத்தை இரண்டு வீட்டுக்கும் சரிபாதியாகப் பிரித்துப் பாத்தியில் போட்டோம். நத்தைக்கு என்ன செய்வது என்று மறுபடி கேட்டேன். அண்ணன் யோசித்துவிட்டு, பாத்தியைச் சுற்றிச் சாம்பல் போடச் சொன்னார். மழையில் சாம்பல் ஒருநாள்கூட நிற்கவில்லை. அக்கா ஒவ்வொரு காலையும் நத்தைகளை வாளியில் பொறுக்கிப் போனார். எங்கே கொண்டுபோய்க் கொட்டினார் என்று கேட்டதில்லை. அந்த வருடம் ஓவர்சியர் வீட்டுத் தோட்டத்தில் நத்தைத் தொல்லை அதிகம் என்று கேள்விப்பட்டேன். எங்களுக்குக் கத்திரி நன்றாகக் காய்த்தது.

அண்ணன் புறப்படும் நாள் ஜெட்டிக்கு எல்லோரும் போனோம். அக்கா ஒரு மருந்துப் புட்டியை அவரிடம் நீட்டினார். உள்ளே ஈர மண்ணும் அந்த ஒற்றைச் சிவப்பும்.

"இத ஊட்டியில கொண்டு விட்டிருங்க தம்பி. ஒத்தையில என்ன செய்யும்? சாதிசனத்தோட இருக்கட்டும்."

அண்ணன் என்னைப் பார்த்தார். ஊட்டி அவர் போகிற வழியில் இல்லை. புட்டியை வாங்கிச் சட்டைப் பையில் வைத்துக்கொண்டார்.

ஊர் போய்ச் சேர்ந்து எழுதினார். அறிவியல் மன்றத்தில் எழுந்து முன்பு சொன்னது தவறு என்று சொல்லி, அக்கா சொன்னதைப் புதிதாக வாசித்தார். துறைத் தலைவர், "நானும் அப்படித்தான் நினைத்தேன்," என்று சொல்லிவிட்டு அடுத்த பேச்சாளரை அழைத்தார். முதல் கட்டுரை யாருக்கும் நினைவில் இல்லை. அண்ணனுக்கு அதில்தான் வருத்தம் அதிகம் என்று தோன்றியது. புட்டியைப் பற்றிக் கடிதத்தில் ஒரு வரிகூட இல்லை.

அக்கா பலகைச் சுவரின் சந்தில் கண்ணை வைத்துக் கேட்டார். "கடுதாசி வந்துதா? ஊட்டிக்கு விட்டாவளா?"

"விட்டுட்டாராம்க்கா," என்றேன். "நல்லா இருக்காம்."

"குளிருல்லா," என்றார் அக்கா. "இனி பொழச்சுக்கிடும்." சொல்லிவிட்டுச் சந்து வழியாகக் கத்திரிக்காய் நாலைத் தள்ளினார்.